அலெக்சாண்டர் கோர்டா: பிறர் பணத்தில் ஒரு சாம்ராஜ்யம் (1919–1939)

[திரையில்: 1930களின் லண்டன் தெருக்கள், வீட்டுக் கதவைத் தட்டும் இன்சூரன்ஸ் முகவர்]

நேயர்களுக்கு வணக்கம்.

இங்கிலாந்தில் புருடென்ஷியல் என்றொரு ஆயுள் காப்பீட்டு நிறுவனம் இருந்தது. தொழிலாளர் குடியிருப்புகளில் வாரந்தோறும் முகவர்கள் வீடு வீடாகச் சென்று சில பென்னிகளை வசூலிப்பார்கள். அந்தச் சில்லறைகளெல்லாம் சேர்ந்துதான் அது நாட்டின் மிகப்பெரிய நிதி நிறுவனங்களுள் ஒன்றாக வளர்ந்தது. சிக்கனத்திற்கும் எச்சரிக்கைக்கும் பேர்போன இந்த நிறுவனம், 1934 முதல் ஒரு சினிமா தயாரிப்பாளரிடம் பெருந்தொகையை முதலீடு செய்யத் தொடங்கியது. அந்தத் தயாரிப்பாளர் ஆங்கிலேயர் அல்லர். அவர் லண்டனுக்கு வந்து 3 ஆண்டுகள்கூட முழுமையாக நிறைந்திருக்கவில்லை. அதற்கு முன் புடாபெஸ்ட், வியன்னா, பெர்லின், ஹாலிவுட், பாரிஸ் என்று 5 நகரங்களில் படமெடுத்து, ஒன்றிலும் நிலைத்து நிற்காதவர்.

அவர் பெயர் அலெக்சாண்டர் கோர்டா. இரண்டு உலகப் போர்களுக்கு இடைப்பட்ட 20 ஆண்டுகளில் அவருடைய தொழில் வாழ்க்கை எப்படி ஏறியது, எங்கே சறுக்கியது என்பதே இந்த வீடியோவின் பொருள். கோர்டாவைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் அவருடைய சுருட்டையும் பேச்சுச் சாதுரியத்தையும் பற்றிப் பேசி முடித்துவிடுவார்கள். நாம் கணக்குப் புத்தகத்தின் பக்கமாகப் போவோம். ஏனெனில் அவரை உயர்த்தியதும் சாய்த்ததும், அவர் எடுத்த படங்களைக் காட்டிலும் அந்தப் படங்களுக்குப் பணம் வந்த வழிதான்.

[திரையில்: ஹங்கேரியின் சமவெளி, புடாபெஸ்ட் காபிக் கடைகள்]

1893 செப்டம்பர் 16 அன்று, ஹங்கேரியின் பெருஞ்சமவெளியில் துர்கெவே என்ற ஊருக்கு அருகில், ஒரு பண்ணை நிர்வாகியின் மூத்த மகனாக, ஒரு யூதக் குடும்பத்தில் அவர் பிறந்தார். இயற்பெயர் சாண்டோர் கெல்னர். தந்தை இளம் வயதிலேயே இறந்துவிட, குடும்பப் பொறுப்பு பதின்ம வயதிலேயே அவர் தோளில் விழுந்தது. புடாபெஸ்ட் பத்திரிகைகளில் எழுதும்போது கோர்டா என்ற புனைபெயரைச் சூட்டிக்கொண்டார். பின்னாளில் தம்பிகள் சோல்தான், வின்சென்ட் இருவரும் அதையே குடும்பப் பெயராக ஏற்றுக்கொண்டார்கள். சினிமாப் பத்திரிகை நடத்தி, பிறகு படம் இயக்கி, 1917இல் கோர்வின் என்ற படக் கம்பெனியைத் தம் வசமாக்கிக்கொண்டபோது அவருக்கு வயது 24. முதல் உலகப்போர் காரணமாகப் பிரெஞ்சுப் படங்களின் வரத்து நின்றுபோயிருந்த ஹங்கேரியில், உள்நாட்டுத் தயாரிப்புக்கு அது அறுவடைக் காலம்.

போர் முடிந்ததும் ஆட்சிகள் ஒன்றன்பின் ஒன்றாகச் சரிந்தன. 1919 மார்ச்சில் கம்யூனிஸ்ட் தலைவர் பெலா குன் தலைமையில் அமைந்த சோவியத் குடியரசு, உலகிலேயே முதன்முறையாக ஒரு நாட்டின் திரைத்தொழில் முழுவதையும் அரசுடைமை ஆக்கியது. லெனினின் ரஷ்யாகூட அந்த ஆண்டு ஆகஸ்டில்தான் அதைச் செய்தது. அந்த அமைப்பின் நிர்வாகக் குழுவில் கோர்டாவும் இடம்பெற்றார். கொள்கைப் பிடிப்பு காரணமா, தொழிலை விட்டுவிடக்கூடாதே என்ற கவலை காரணமா என்று கேட்டால், அவருடைய பிற்கால வாழ்க்கை இரண்டாவதையே சுட்டுகிறது. 4 மாதங்களில் அந்த ஆட்சி கவிழ்ந்து, வலதுசாரித் தளபதி ஹோர்தியின் படைகள் தலைநகருக்குள் நுழைந்தன. இடதுசாரிகளையும் யூதர்களையும் குறிவைத்து வேட்டை தொடங்கியது. கோர்டா கைது செய்யப்பட்டு, அதிகாரிகளின் தலைமையிடமாக மாறியிருந்த கெல்லர்ட் விடுதியில் அடைக்கப்பட்டார். பலர் தலையிட்டு அவரை மீட்டனர். விடுதலையானதும் மனைவியான நடிகை மரியா கோர்டாவுடன் வியன்னாவுக்குப் புறப்பட்டவர், அதன் பிறகு ஹங்கேரி மண்ணை மிதிக்கவே இல்லை. அதே அலையில்தான் பின்னாளில் ஹாலிவுட்டில் மைக்கேல் கர்ட்டிஸ் என்று புகழ்பெற்ற மிஹாய் கெர்த்தேசும், டிராகுலாவாக நடித்த பெலா லுகோசியும் நாட்டைவிட்டு வெளியேறினார்கள்.

அடுத்த 12 ஆண்டுகளை வேகமாகக் கடந்துவிடலாம். வியன்னாவில் கோலோவ்ரட் பிரபுவின் சாஷா கம்பெனிக்காகப் படங்கள். பெர்லினில் மரியாவைக் கதாநாயகியாக வைத்துப் படங்கள். 1927 முதல் ஹாலிவுட்டில் ஃபர்ஸ்ட் நேஷனல் கம்பெனியில் சம்பள இயக்குநர் வேலை. இந்தக் காலத்துப் படங்களில் ஒன்றை மட்டும் குறித்துக்கொள்ளுங்கள். 1927இல் அவர் இயக்கிய 'தி பிரைவேட் லைஃப் ஆஃப் ஹெலன் ஆஃப் டிராய்' என்ற மௌனப்படம், கிரேக்கப் பேரழகி ஹெலனை ஒரு வீட்டுப் பெண்மணியாகவும், அவள் கணவனைச் சலிப்புற்ற குடும்பஸ்தனாகவும் காட்டிச் சிரிக்கவைத்தது. வரலாற்று மாந்தர்களை அரியணையிலிருந்து இறக்கிச் சாப்பாட்டு மேசையிலும் படுக்கையறையிலும் உட்காரவைக்கும் இந்த உத்தி, 6 ஆண்டுகள் கழித்து அவருக்கு வாழ்வளித்தது.

ஹாலிவுட் அவரை வெறும் கூலிக்காரராகவே நடத்தியது. மண வாழ்க்கையும் முறிந்தது. 1930இல் ஐரோப்பாவுக்குத் திரும்பியவர், பாரிஸில் பாராமவுண்ட் கம்பெனிக்காக மார்செல் பாஞோலின் 'மாரியுஸ்' நாடகத்தை 1931இல் பேசும்படமாக்கினார். அது பெருவெற்றி. மார்செய் துறைமுகத்து மக்களின் வழக்குமொழியை அப்படியே திரையில் ஒலிக்கவிட்ட அந்தப் படத்தை, பிரெஞ்சுக்காரர்கள் இன்றும் தங்கள் சொந்தச் சொத்தாகக் கொண்டாடுகிறார்கள். அதை இயக்கியவர் ஹங்கேரியர் என்பது அவர்களில் பலருக்கு நினைவில் இருக்காது.

[திரையில்: பிக் பென் கடிகாரம் – லண்டன் ஃபிலிம்ஸ் முத்திரை]

1931 இறுதியில், பாராமவுண்டின் ஆங்கிலக் கிளைக்காகப் படமெடுக்க கோர்டா லண்டன் வந்தார். அங்கே நிலவிய சூழலைப் புரிந்துகொண்டால்தான் அடுத்து நடந்தது விளங்கும். பிரிட்டிஷ் திரையரங்குகளை அமெரிக்கப் படங்கள் ஆக்கிரமித்திருந்தன. அதைத் தடுக்க 1927இல் இயற்றப்பட்ட சட்டம், விநியோகஸ்தர்களும் திரையரங்குகளும் குறிப்பிட்ட விகிதத்தில் பிரிட்டிஷ் படங்களைக் கையாள வேண்டும் என்று கட்டாயப்படுத்தியது. அமெரிக்க நிறுவனங்கள் என்ன செய்தன? மிகக் குறைந்த செலவில், மிகக் குறுகிய காலத்தில், கணக்குக் காட்டுவதற்காக மட்டுமே படங்களை எடுத்துத் தள்ளின. 'கோட்டா குயிக்கி' என்று அவற்றைப் பரிகசித்தார்கள். சில அரங்குகள், துப்புரவுப் பணியாளர்கள் கூட்டிப் பெருக்கும் காலை வேளையில் அவற்றை ஓட்டிக் கணக்கை முடித்துக்கொண்டன என்றும் சொல்வார்கள்.

எல்லாரும் சட்டத்தின் குறைந்தபட்ச அளவைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, கோர்டா அதே சட்டத்தில் வேறொன்றைக் கண்டார். அமெரிக்க விநியோகஸ்தர்களுக்குப் பிரிட்டிஷ் படம் கட்டாயம் வேண்டும். அப்படியானால் அவர்கள் வெட்கப்படாமல் அமெரிக்காவிலும் வெளியிடக்கூடிய ஒரு பிரிட்டிஷ் படத்தைக் கொடுத்தால் என்ன? 1932 பிப்ரவரியில் லண்டன் ஃபிலிம்ஸ் பிறந்தது. அதன் முத்திரை பிக் பென் மணிக்கூண்டு. கதை இலாகாவில் ஹங்கேரிய நாடகாசிரியர் லாயோஷ் பிரோ. அரங்க அமைப்பில் ஓவியரான தம்பி வின்சென்ட். பிற்பாடு இயக்கத்தில் தம்பி சோல்தான். அந்நியர்கள் கூடி நடத்திய நிறுவனத்துக்கு இவ்வளவு ஆங்கிலத்தனமான முத்திரை வேறெவருக்கும் தோன்றியிருக்காது.

இனி 1933. எட்டாம் ஹென்றி மன்னனின் மனைவியர் கதையைப் படமாக்கத் தொடங்கிய கோர்டாவிடம் அதை முடிப்பதற்கான பணம் இல்லை. லுடோவிகோ டோப்லிட்ஸ் என்ற இத்தாலியச் செல்வரின் முதலீடு கைகொடுத்தது. எல்ஸ்ட்ரீயில் வாடகைத் தளத்தில் சில வாரங்களிலேயே படம் முடிந்தது. செலவு சுமார் 60,000 பவுண்டு என்று பொதுவாகக் குறிப்பிடப்படுகிறது. அமெரிக்க அளவுகோலில் அது அற்பத் தொகை. வின்சென்ட் குறைந்த செலவில் அமைத்த அரண்மனைகளை, ஒளிப்பதிவாளர் ஜார்ஜ் பெரினால் தம் விளக்கொளியால் பெரிதாக்கிக் காட்டினார். சார்லஸ் லாட்டன் ஏற்ற மன்னன் வேடம், கோழியைக் கையால் பிய்த்துத் தின்று, எலும்பைத் தோளுக்குப் பின்னால் வீசி, நாகரிகம் அழிந்துபோயிற்றே என்று புலம்பும் காட்சிக்காகவே நினைவில் நின்றது. ஹெலனிடம் பரீட்சித்த அதே உத்தி, இந்த முறை ஒலியோடும் ஒரு மாபெரும் நடிகரோடும்.

'தி பிரைவேட் லைஃப் ஆஃப் ஹென்றி தி எய்த்' 1933 அக்டோபரில் நியூயார்க்கின் ரேடியோ சிட்டி மியூசிக் ஹாலில் வெளியாகிக் கூட்டத்தைக் குவித்தது. சிறந்த நடிகருக்கான ஆஸ்கார் லாட்டனுக்குக் கிடைத்தது. சிறந்த படத்துக்கான பரிந்துரைப் பட்டியலில் இடம்பெற்ற முதல் பிரிட்டிஷ் படமும் அதுவே. போட்ட பணத்தைப் பல மடங்காகத் திருப்பிக் கொடுத்த இந்த ஒரு படம், லண்டன் நிதிச்சந்தையின் கண்ணைத் திறந்தது என்று சிலர் எழுதுவார்கள். கண்ணை மறைத்தது என்பதே என் கருத்து. வாடகைத் தளம், சிறு பட்ஜெட், ஒரு பெரிய நடிகர், கொஞ்சம் குறும்பு ஆகியவை சேர்ந்து வென்ற படம் அது. அதிலிருந்து முதலீட்டாளர்களும் கோர்டாவும் எடுத்துக்கொண்ட முடிவோ, இன்னும் அதிகம் செலவழித்தால் இன்னும் அதிகம் வரும் என்பதாக இருந்தது.

[திரையில்: டென்ஹாம் ஸ்டுடியோவின் வான்வழிக் காட்சி]

புருடென்ஷியலின் பணம் இங்கேதான் நுழைகிறது. பெரிய நிறுவனங்களை நம்பவைக்கும் கலையை கோர்டா புடாபெஸ்ட் நாட்களிலேயே கற்றிருந்தார். கையில் காசில்லாத காலத்திலும் ஊரின் மிக உயர்ந்த விடுதியில்தான் தங்குவார், விலையுயர்ந்த சுருட்டுதான் புகைப்பார் என்பது அவருடைய குடும்பத்தாரே சொல்லிச் சிரித்த செய்தி. வின்ஸ்டன் சர்ச்சில் பதவியின்றி இருந்த 1934இல், ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் வெள்ளிவிழாவை ஒட்டிய ஒரு படத்துக்குத் திரைக்கதை எழுத அவரை கோர்டா அமர்த்திக்கொண்டார். படம் எடுக்கப்படவே இல்லை, நட்பு நிலைத்தது. இந்தக் கணக்கில் கோர்டாவுக்கு நஷ்டம் என்று சொல்ல முடியாது.

பக்கிங்காம்ஷயரில் டென்ஹாம் என்ற ஊரில் 165 ஏக்கர் நிலத்தில், 7 படப்பிடிப்புத் தளங்களோடும் சொந்த மின் உற்பத்தியோடும் எழுப்பப்பட்ட ஸ்டுடியோ 1936 மே மாதம் திறக்கப்பட்டது. கோல்ன் ஆறு அந்த நிலத்தின் வழியாகவே ஓடியது. சில படங்களில் அதுவே ரஷ்யாவாகவும் இந்தியாவாகவும் வேடமிட்டது. அதே ஆண்டில் கோர்டா பிரிட்டிஷ் குடியுரிமையும் பெற்றார். அதற்கு முன்பே, 1935இல், சாப்ளின், மேரி பிக்ஃபோர்ட், டக்ளஸ் ஃபேர்பேங்ஸ் முதலியோர் தொடங்கிய யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் விநியோக நிறுவனத்தில் பங்குதாரராகவும் ஆகியிருந்தார். வெளியிலிருந்து பார்த்தவர்களுக்குக் குறையொன்றும் தெரிந்திருக்காது.

குறை இரண்டு இடங்களில் இருந்தது. ஒரு ஸ்டுடியோவைக் கட்டியவர், படம் எடுத்தாலும் எடுக்காவிட்டாலும் தொழிலாளர் சம்பளம், மின்சாரம், பராமரிப்பு, கடன் வட்டி ஆகியவற்றைக் கட்டியாக வேண்டும். நல்ல கதை கிடைத்ததால் படம் எடுப்பது போய், தளம் காலியாகக் கிடக்கிறதே என்பதற்காகப் படம் எடுக்கும் நிலை வரும். தீனி போட முடியாமல் யானை கட்டிய கதைதான். ஆண்டுக்குச் சில படங்களே எடுக்கும் ஆற்றல் கொண்ட நிறுவனத்துக்கு 7 தளங்கள் மிக அதிகம். மற்ற தயாரிப்பாளர்களுக்கு வாடகைக்கு விட்டும் அந்த இடைவெளி நிரம்பவில்லை.

மற்றொரு குறை அட்லாண்டிக்குக்கு அப்பால் இருந்தது. பெரும் செலவில் எடுத்த படம் பிரிட்டனின் திரையரங்குகளில் மட்டும் ஓடி அசலை எடுக்க முடியாது. அமெரிக்க வசூல் வந்தே தீர வேண்டும். ஆனால் அமெரிக்காவின் முக்கியத் திரையரங்குச் சங்கிலிகள் எம்ஜிஎம்மின் தாய் நிறுவனமான லோஸ், பாராமவுண்ட், வார்னர், ஃபாக்ஸ், ஆர்கேஓ ஆகிய 5 நிறுவனங்களின் கையில் இருந்தன. யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் படத்தை விநியோகிக்கும். அதற்கென்று அப்படியொரு அரங்குச் சங்கிலி கிடையாது. நியூயார்க்கில் பத்திரிகைகள் பாராட்டிய கோர்டா படம், உள்நாட்டுச் சிற்றூர்களின் திரைகளை எட்டுவதற்குள் மூச்சிரைத்துப் போனது. 1937இல் சாமுவேல் கோல்ட்வினுடன் சேர்ந்து, மற்றப் பங்குதாரர்களுக்கு 60 லட்சம் டாலர் கொடுத்து அந்த நிறுவனத்தையே வாங்கிவிட கோர்டா முயன்றதற்கு இதுவே காரணம். பணம் திரளாததால் அதுவும் கைகூடவில்லை.

[திரையில்: படங்களின் சுவரொட்டிகள் அடுத்தடுத்து]

இந்தக் காலத்துப் படங்கள் எல்லாம் தோல்வி என்று எண்ணிவிடக் கூடாது. 1934இல் வந்த 'தி ஸ்கார்லெட் பிம்பர்னெல்' நன்றாக ஓடியது. பிரெஞ்சுப் புரட்சியில் சிக்கியவர்களைக் காப்பாற்றும் ஆங்கிலக் கனவானின் கதையை எழுதிய ஓர்சி சீமாட்டி ஹங்கேரியில் பிறந்தவர், தயாரித்தவர் ஹங்கேரியர், கனவானாக நடித்த லெஸ்லி ஹோவர்டின் தந்தையும் ஹங்கேரிய யூதர். அதே ஆண்டில் ஃபேர்பேங்ஸை வைத்து கோர்டா இயக்கிய டான் ஹுவான் படமோ அந்த நடிகரின் கடைசிப் படமாகவே போயிற்று. எச்.ஜி. வெல்ஸ் எழுதி 1936இல் வெளிவந்த 'திங்ஸ் டு கம்', வரப்போகும் குண்டுவீச்சு யுத்தத்தை முன்கூட்டியே காட்டியதற்காக இன்றும் பேசப்படுகிறது; அதன் செலவை ஈடுகட்டும் வசூல் மட்டும் வரவில்லை. அதே ஆண்டில் லாட்டனை வைத்து கோர்டாவே இயக்கிய 'ரெம்ப்ராண்ட்' படத்தை அவருடைய ஆகச் சிறந்த படைப்பாகக் கருதுகிறேன். அதற்கும் கூட்டம் வரவில்லை.

1937 தொடக்கத்தில் நடந்த ஒரு நிகழ்வு அன்றைய நிலையைத் தெளிவாகக் காட்டும். ராபர்ட் கிரேவ்ஸின் நாவல்களைத் தழுவி 'ஐ, கிளாடியஸ்' என்ற பிரம்மாண்டப் படம் டென்ஹாமில் தொடங்கியது. இயக்குநர் ஜோசப் ஃபான் ஸ்டெர்ன்பெர்க், நாயகன் லாட்டன். நாயகனுக்குப் பாத்திரம் பிடிபடவில்லை, இயக்குநருக்குப் பொறுமை இல்லை. இந்நிலையில் நாயகி மெர்ல் ஓபரான் மார்ச் மாதத்தில் கார் விபத்தில் காயமடைய, படம் கைவிடப்பட்டது; இழப்பைக் காப்பீடு ஏற்றது. விபத்து உண்மையானதே. ஆயினும் அது தயாரிப்பாளருக்கு எவ்வளவு வசதியான நேரத்தில் வந்தது என்பதை எவரும் கவனிக்காமல் இல்லை. மெர்ல் ஓபரான் பம்பாயில் பிறந்து கல்கத்தாவில் வளர்ந்தவர். அன்றைய நிறவெறிச் சூழலில் அது வெளியே தெரிந்தால் நாயகி வாழ்வே முடிந்துவிடும் என்பதால், டாஸ்மேனியாவில் பிறந்தவர் என்ற கதை பரப்பப்பட்டு, அவர் மறைவுக்குப் பிறகே உண்மை பரவலாகத் தெரியவந்தது. 1939இல் கோர்டா அவரை மணந்தார்.

[திரையில்: மைசூர்க் காட்டு யானைகள், சிறுவன் சாபு]

இந்தியத் தொடர்பு அத்தோடு முடியவில்லை. 1935இல் ஆவணப்பட இயக்குநர் ராபர்ட் ஃபிளாகர்டியை கோர்டா மைசூர் சமஸ்தானத்துக்கு அனுப்பினார். கிப்ளிங்கின் யானைச் சிறுவன் கதைக்கு நாயகனாகக் கிடைத்தவன், மகாராஜாவின் யானைக் கொட்டாரத்துப் பாகன் ஒருவரின் மகனான சாபு. ஃபிளாகர்டி அவசரமே இல்லாதவர். யானைகளையும் காட்டையும் மாதக்கணக்கில் படம்பிடித்துக்கொண்டே இருந்தார். லண்டனில் கணக்குப் பார்த்தவர்களுக்குப் பொறுமை தீர்ந்து, குழுவைத் திருப்பி அழைத்து, மீதிக் காட்சிகளை சோல்தான் டென்ஹாமில் எடுத்து ஒட்டினார். 1937இல் 'எலிஃபண்ட் பாய்' வெளிவந்தபோது, மைசூரின் உண்மையான காடும் ஸ்டுடியோவில் முளைத்த காடும் ஒன்றோடொன்று ஒட்டாமல் நிற்பது கண்ணுக்குத் தெரிந்தது. ஆனாலும் வெனிஸ் விழாவில் இயக்குநர் விருது இருவருக்கும் சேர்த்தே கிடைத்தது. சாபு உலகப் புகழ் பெற்றான்.

கோர்டாவின் சாம்ராஜ்யப் படங்கள் வேறொரு விலையைக் கேட்டன. 1935இல் வந்த 'சாண்டர்ஸ் ஆஃப் தி ரிவர்' படத்தில் ஆப்பிரிக்கத் தலைவனாக நடித்த பால் ராப்சன், முடிந்த படம் காலனி ஆட்சியைப் போற்றும் புகழுரையாக மாறியிருப்பதைக் கண்டு அதைக் கைகழுவினார். பின்னாளில் கென்யாவின் முதல் அதிபரான ஜோமோ கென்யாட்டா அதில் சிறு வேடத்தில் தோன்றியிருப்பது வரலாற்றின் குறும்பு. வடமேற்கு எல்லைப்புறத்தைக் களமாகக் கொண்டு, சாபுவை இளவரசனாக்கி 1938இல் எடுத்த 'தி டிரம்', பம்பாயில் திரையிடப்பட்டபோது கடும் எதிர்ப்பையும் போராட்டங்களையும் சந்தித்தது. குடியேறியாக வந்த நாட்டின் பேரரசை அந்நாட்டுக்காரர்களைவிட உரக்கப் பாடியவர் கோர்டா. அது விசுவாசமா வியாபாரமா என்று பிரித்துப் பார்க்கும் அவசியம் அவருக்கு ஏற்பட்டதாகத் தெரியவில்லை. அந்தப் பாட்டு பேரரசின் மக்களில் பெரும்பாலோர் காதில் எப்படி விழும் என்பதை அவர் கணக்கில் எடுக்கவில்லை என்பது மட்டும் உறுதி.

1937இல் பிரிட்டிஷ் சினிமாவில் முதலீட்டுக் குமிழி உடைந்தது. ஹென்றி படத்தின் வெற்றியைப் பார்த்துக் கடன் வாங்கிப் படமெடுத்த சிறு கம்பெனிகள் வரிசையாக மூழ்கின. புருடென்ஷியல் கணக்கைக் கையிலெடுத்தது. சம்பளக் குறைப்பு, ஆள்குறைப்பு எல்லாம் நடந்தும் பற்றாக்குறை அடங்காமல் போகவே, டென்ஹாம் கோர்டாவின் கையைவிட்டுப் போனது. 1939 தொடக்கத்தில் பிரிட்டிஷ் சினிமா அதிபர் ஜே. ஆர்தர் ராங்கின் பைன்வுட் ஸ்டுடியோவோடு இணைக்கப்பட்டது. தாம் கட்டிய இடத்தில் கோர்டா இனி வாடகைக்குப் படமெடுக்கும் தயாரிப்பாளர் மட்டுமே.

வியப்பு என்னவென்றால், அந்த வாடகைக் காலத்துப் படங்கள்தாம் ஹென்றிக்குப் பிறகு அவர் தந்தவற்றில் மிக உறுதியானவை. சோல்தான் சூடானில் எடுத்த 'தி ஃபோர் ஃபெதர்ஸ்', டெக்னிகலர் வண்ணத்தில் 1939இல் வெளிவந்து பெரும் வெற்றி பெற்றது. அதன் பாலைவனப் போர்க்காட்சிகள் எவ்வளவு தரமாக இருந்தன என்றால், 1955இல் அதே கதையை மறுபடி எடுத்தபோது பழைய காட்சிகளையே மீண்டும் வெட்டி ஒட்டிக்கொண்டார்கள். 'தி ஸ்பை இன் பிளாக்' என்ற சிறிய உளவுப் படத்தில் மைக்கேல் பவல் என்ற ஆங்கில இயக்குநரையும் எமெரிக் பிரெஸ்பர்கர் என்ற ஹங்கேரியக் கதாசிரியரையும் சேர்த்துவைத்ததும் கோர்டாதான். அந்த இணை அடுத்த பல ஆண்டுகளுக்குப் பிரிட்டிஷ் சினிமாவின் முகமாக விளங்கியது.

1939 செப்டம்பரில் போர் மூண்டபோது, டென்ஹாமில் 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்' பாதியில் நின்றது. கோர்டா அதைத் தள்ளிவைத்துவிட்டு, விமானப்படைக்கு ஆதரவான ஒரு பிரச்சாரப் படத்தைச் சில வாரங்களில் முடித்து நவம்பரில் வெளியிட்டார். பாக்தாத் படத்தின் மிச்சப் பகுதி, பல இயக்குநர்கள் கைமாறி, 1940இல் அமெரிக்காவில் எடுத்து முடிக்கப்பட்டது. வண்ண ஒளிப்பதிவுக்காக பெரினாலும், வண்ணப் படத்துக்கான கலை இயக்கத்துக்காக வின்சென்ட் கோர்டாவும் ஆஸ்கார் பெற்றார்கள்; சிறப்புக் காட்சிகளுக்கான ஆஸ்காரும் அந்தப் படத்துக்கே கிடைத்தது.